தடை உத்தரவு இருந்தும் ‘சிவில் மேட்டர்’ என்கிறது போலீஸ். பாதுகாப்புக்கு எங்கே மனுப் போடுவது?

தோட்டத்துவீடு:
வணக்கம். எங்களுக்குத் திண்டுக்கல் மாவட்டம். அப்பா சொந்தச் சம்பாத்தியத்தில் கட்டிய வீட்டில் நானும் அம்மாவும் குடியிருக்கிறோம். அப்பா உயில் எழுதாமல் இறந்துவிட்டார். வெளியூரில் இருக்கும் அண்ணன் வீட்டை விற்றே தீருவேன் என்கிறார். பாகப்பிரிவினை வழக்குப் போட்டு, எங்களை வெளியேற்றவோ வீட்டை விற்கவோ கூடாது என்று இடைக்காலத் தடை வாங்கினோம். போன வாரம் நாலு பேரோடு வந்து கேட் பூட்டை உடைத்து, மோட்டார் வயரையும் அறுத்துவிட்டுப் போனார். அம்மாவுக்கு 68 வயது, ராத்திரி நாய் குரைத்தாலே எழுந்து உட்கார்ந்துவிடுகிறார். ஸ்டேஷனில் உத்தரவு நகலைக் காட்டினால், “இது சிவில் மேட்டர்மா, கோர்ட்லயே பாத்துக்கோங்க” என்கிறார்கள். புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதுகூடத் தரவில்லை. என்ன செய்யலாம்?

கரிசல்காடு:
மதுரைக் கிளையில் ரிட் போடுங்க சகோதரி. ஐகோர்ட் ஒரு வார்த்தை சொன்னால் போலீஸ் ஓடி வரும்.

பழைய குமாஸ்தா:
தம்பி சொல்வதுபோல நேரே ஐகோர்ட் போனால், “வழக்கு நடக்கும் கோர்ட்டிலேயே கேளுங்கள்” என்று திருப்பி அனுப்பவே வாய்ப்பு அதிகம். தடை கொடுத்த அதே கோர்ட்டில், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 151-ஆம் பிரிவின் கீழ் போலீஸ் பாதுகாப்பு கேட்டு இடைமனுப் போடுங்கள். தன் உத்தரவைக் காப்பாற்றப் போலீஸ் உதவி தரச் சொல்லும் அதிகாரம் அந்தக் கோர்ட்டுக்கு உண்டு. கூடவே அதே சட்டத்தின் கட்டளை 39, விதி 2-ஏ மனுவும் போடலாம். தடையை மீறியது நிரூபணமானால் சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை.

அதற்கு முன் ஒன்றைப் பாருங்கம்மா. நகலில் தடை எந்தத் தேதி வரை என்று இருக்கிறது?

தோட்டத்துவீடு:
பார்த்தேன் ஐயா. ‘அடுத்த வாய்தா வரை’ என்று இருக்கிறது, அந்தத் தேதி முடிந்துவிட்டது. தடை நீடிக்கிறது என்றுதான் வக்கீல் சொன்னார்.

பழைய குமாஸ்தா:
ஸ்டேஷனில் தட்டிக்கழிக்க அந்தத் தேதியே போதும். தடையை நீட்டித்திருந்தால், நீட்டித்த உத்தரவுக்கும் சான்றிட்ட நகல் வாங்குங்கள். நீட்டிக்கவில்லை என்றால் முதல் வேலை அதுதான், தடை உயிரோடு இல்லாமல் பாதுகாப்பு மனு நிற்காது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் கொடுத்த தடை என்றால், மனு, பிரமாணப் பத்திரம், வழக்குரை நகல்கள் அண்ணனுக்குப் பதிவுத் தபாலில் போனதா என்றும் வக்கீலிடம் கேளுங்கள். அது விட்டுப்போயிருந்தால் அதை வைத்தே தடையை ரத்து செய்யக் கேட்பார்கள்.

உத்தரவில் வீட்டின் நாலு எல்லை, கதவு எண், சர்வே எண் சரியாக இருக்க வேண்டும். பாதுகாப்புக்கு வரும் போலீஸ் அந்தத் தாளை வைத்துத்தான் வேலை செய்வார்கள். குடியிருப்பதற்கு ஆதாரமாக வீட்டு வரி ரசீது, கரண்ட் பில், ரேஷன் கார்டு எல்லாம் சேருங்கள். ஆனால் இந்த உத்தரவை வைத்து அண்ணனுக்குப் பங்கே இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. உயில் இல்லாததால் அம்மா, அண்ணன், நீங்கள் மூவருக்கும் சம பங்கு.

வைகை வக்கீல்:
ஐயா சொன்னதோடு ஒன்று. பூட்டை உடைத்ததும் வயரை அறுத்ததும் தனிக் குற்றம். ‘சிவில்’ என்று சொல்லி அந்தப் புகாரைத் தள்ள முடியாது. புகாரைப் பதிவுத் தபாலில் எஸ்.பி.க்கு அனுப்புங்கள். புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இன் 173(4) பிரிவு அதற்கு வழி தருகிறது. அங்கேயும் அசையாவிட்டால், எஸ்.பி.க்கு அனுப்பிய ரசீதோடு 175(3)-இன் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம்.

அம்மாவுக்கு இன்னொரு வழியும் இருக்கிறது. குடும்ப வன்முறைச் சட்டம் 2005 புருஷன் பெண்டாட்டிக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். தொந்தரவு செய்யும் மகன்மேலும் தாய் மனுப் போடலாம். 19-ஆம் பிரிவில் குடியிருப்பு உத்தரவு கொடுக்கும்போதே, பக்கத்து ஸ்டேஷன் அதிகாரி பாதுகாப்பு தர வேண்டும் என்றும் மாஜிஸ்திரேட் சொல்லலாம். மாவட்ட சமூக நல அலுவலகத்தில் பாதுகாப்பு அலுவலரைப் பாருங்கள், மனு எழுதவும் உதவுவார். அண்ணன் முன்பு அதே வீட்டில் ஒன்றாக இருந்தவர்தானே? அதை மனுவில் சொல்லுங்கள்.

தோட்டத்துவீடு:
ஆமாம், கல்யாணம் ஆகும்வரை இங்கேதான் இருந்தார். ரெண்டு மனுவுக்கும் வக்கீல் ஃபீஸ் கொடுக்க இப்போது வசதி இல்லை.

வைகை வக்கீல்:
மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் எழுதிக் கொடுங்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் தருவார்கள். 15100-க்குப் போன் செய்தும் கேட்கலாம். நாளை போகும்போது அம்மாவின் ஆதார், அப்பாவின் இறப்புச் சான்றிதழ், வழக்கு நம்பர் மூன்றையும் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.