தடை செய்யப்பட்ட ஒரு சுரம்: இயற்பியல் தெரிந்தவர்கள் உதவ முடியுமா?

வணக்கம். ஒரு மாயாஜால நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். மலையைக் குடைந்து கட்டிய நகரம். அங்கே ஒரே ஒரு சுரத்துக்கு மட்டும் தடை. அதை நீட்டி ஊதினால் பாறைத் தூண்களும் கூடவே அதிர ஆரம்பித்துவிடும். முதலில் விளக்கு எண்ணெயில் வளையம் வளையமாகச் சிற்றலை, அப்புறம் கூரையிலிருந்து மணல் உதிரும். அந்த ஊரில் சங்கைக்கூடத் துளை போட்டு, சுருதியைக் கெடுத்துத்தான் விற்பார்கள்.

ஒத்ததிர்வு (ஒரு பொருளை அதன் இயல்பான அதிர்வெண்ணிலேயே தூண்டினால் அது பெரிதாக அதிர்வது) பற்றிக் கொஞ்சம் படித்தேன். 1831இல் படைவீரர்கள் ஒரே சீராக அடிவைத்து நடந்தபோது இங்கிலாந்தின் பிராட்டன் தொங்குபாலம் இடிந்தது. லண்டன் மில்லினியம் பாலம் 2000இல் திறந்த வேகத்தில் ஆட்டம் கண்டு, அதிர்வைக் குறைக்கும் தணிப்பான்கள் பொருத்திய பிறகே 2002இல் மறுபடி திறக்கப்பட்டது.

என் சிக்கல் இதுதான்: பாறையில் அதிர்வு சீக்கிரம் தணிந்துவிடுமே, ஒரு சங்கொலி எப்படிப் போதும்? நூறு பேர் சேர்ந்து ஊத வேண்டுமா, தூண்களை மெலிதாக்கினால் போதுமா? "எல்லாம் மந்திரம்" என்று நழுவ மனசு வரவில்லை.

இன்னொன்று. காவலர்கள் அந்தச் சுரத்தைக் கண்டுபிடிக்க, அதே சுருதிக்கு முறுக்கிய தந்தி தானாக அதிரும் என்று வைத்திருக்கிறேன். சரிதானே? மின்சாரம் இல்லாத உலகம், அதை மட்டும் மனதில் வைத்துச் சொல்லுங்கள்.