வீடியோ கலை பார்த்து மண்டை குழம்பியவர்கள் இங்கே எழுதுங்கள்

மொட்டைமாடி:
வாஷிங்டன் ஸ்மித்சோனியன் கலை அருங்காட்சியகத்தில், டிவிகளை வைத்தே கலை செய்த கொரிய-அமெரிக்கர் ‘நாம் ஜூன் பைக்’ என்பவரின் ‘எலக்ட்ரானிக் சூப்பர்ஹைவே’ பார்த்தவர்கள் இருக்கிறீர்களா? அதான், 1995-இல் டிவிகளை அடுக்கிச் செய்த அமெரிக்க வரைபடம். மாநில எல்லைக்கெல்லாம் நியான் விளக்கு. கான்சாஸ் மாநிலத்தில் ‘விசார்ட் ஆஃப் ஆஸ்’ படம் ஓடும். வாஷிங்டன் நகரம் இருக்கும் இடத்தில் ஒரு குட்டித் திரை, அதில் பார்த்தால் நான்! கேமரா வைத்து நம்மையே காட்டுகிறார்கள். கையை ஆட்டிப் பார்த்தேன், முடியைக் கோதினேன். நான் நகர்ந்ததும் பின்னால் நின்றவரும் அதே மாதிரி முடியைக் கோதினார். ஐம்பது மாநிலமும் பக்கத்தில் மின்னுகிறது, சீண்ட ஆளில்லை. நம்மைச் சிக்கவைக்கத்தான் அதை வைத்தாரா?

பாதித்தூக்கம்:
அதெல்லாம் இல்லை. பைக்குக்கு டிவி மேல் கொள்ளை ஆசை. டிவியை வெளுத்து வாங்கியது ரிச்சர்ட் செர்ரா, கார்லோட்டா ஸ்கூல்மன் என்ற இரண்டு கலைஞர்கள் 1973-இல் எடுத்த ‘டெலிவிஷன் டெலிவர்ஸ் பீப்பிள்’ வீடியோ. நீலத் திரையில் எழுத்து மட்டும் மேலே ஏறும், கூடவே கடையில் போடுகிற மாதிரி வழவழ இசை. டிவிக்காரன் விற்கும் சரக்கே பார்க்கிற நாம்தான், வாங்குவது விளம்பரக்காரன் என்று வரிவரியாகப் போகும். வீட்டில் போட்டிருந்தேன். அம்மா வந்து, “எழுத்து முடிஞ்சு படம் எப்போ போடுவான்?” என்றார். விஷயத்தைச் சொன்னேன். “நாமதான் சரக்குன்னா, கேபிளுக்கு மாசாமாசம் நம்மகிட்ட எதுக்குக் காசு வாங்குறான்?” இதுவரை என்னிடம் பதில் இல்லை.

சும்மா ஒருவன்:
ஆசை இருந்தால் கிண்டல் வராதா? பைக்கை அப்படி ஒரே வரியில் ஒதுக்காதீர்கள். தென்கொரியாவில், குவாச்சியோன் அருங்காட்சியகத்தில் அவருடைய ‘தி மோர் தி பெட்டர்’ இருக்கிறது. 1988-இல் 1,003 டிவிகளை அடுக்கிச் செய்த கோபுரம். நான் போன சமயம் மொத்தமும் அணைந்து கிடந்தது. பழுதென்று 2018-இல் நிறுத்தியிருந்தார்கள். கறுப்புக் கண்ணாடியைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தேன், அவ்வளவுதான் என் கதை. இனி போகிறவர்களுக்கு: 2022-இல் மறுபடி ஓடவிட்டார்கள், ஆனால் நாள் முழுக்க ஓடாது, நேரம் விசாரித்துவிட்டுக் கிளம்புங்கள். கீழேயே நிற்காதீர்கள், 18 மீட்டருக்கு மேல் உயரம், கழுத்து பிடித்துக்கொள்ளும். சுற்றிப் போகும் சாய்தளத்தில் ஏறினால் ஒவ்வொரு அடுக்காகப் பார்க்கலாம். உச்சியில் உள்ள சின்ன டிவிகள் 266-க்கு எல்சிடி மாட்டிவிட்டார்கள், மற்றதெல்லாம் பழைய பிக்சர் ட்யூப். அதைப் போனில் வீடியோ எடுத்தால் கோடுகோடாக ஓடும், அப்புறம் போனைக் குறை சொல்லாதீர்கள். செருப்பு வேண்டாம், ஷூ போட்டுக்கொள்ளுங்கள். ஞாயிற்றுக்கிழமையைத் தவிர்த்தால் நல்லது.

பாதித்தூக்கம்:
ஷூ எல்லாம் சரி. கேபிள் காசுக்கு யாராவது பதில் சொல்லுங்கள்.