ஜெர்மன் நடிகர் கொன்ராட் ஃபைட்டை முதலில் எந்தப் படத்தில் பார்த்தீர்கள்?

பெர்லினில் பாபிலோன் என்று ஒரு பழைய தியேட்டர் இருக்கிறது. 1929இல் கட்டியது. அந்தக் காலத்து ஆர்கன் இன்னும் வாசிக்கும் நிலையில் இருக்கிறது. சனிக்கிழமை நள்ளிரவில் மௌனப் படம், இலவசம் என்று ஆபீஸ் நண்பர் சொன்னதால் போனேன். வெளியே கடுங்குளிர். தூங்கிப்போனாலும் நஷ்டமில்லை என்ற கணக்குதான். அன்று 'டாக்டர் காலிகரியின் பெட்டகம்'.

முதலில் சிரிப்புதான் வந்தது. கோணல் ஜன்னல், துணியில் வரைந்த நிழல், பள்ளி ஆண்டுவிழா செட் மாதிரி. பிறகு அந்தப் பெட்டியைத் திறக்கிறார்கள். உள்ளே செசாரே, அதாவது ஃபைட், நின்றபடியே தூங்குகிறான். முகம் திரையை நிறைக்கிறது. கன்னத்தில் ஒரு துடிப்பு, உதட்டில் ஒரு துடிப்பு. இமை மயிரிழை மயிரிழையாகப் பிரிந்து, போதும் என்று நாம் நினைத்த பிறகும் விரிந்துகொண்டே போகிறது. ஆர்கன் வாசித்தவர் அந்த இடத்தில் கையை எடுத்துவிட்டார். அரங்கில் ஒரு இருமல்கூட இல்லை.

இன்னொரு காட்சி. பெண்ணைக் கடத்தப் போகிறவன் கறுப்பு உடையில் சுவரோடு சுவராக ஒட்டி, ஒரு கையை மேலே நீட்டித் தடவிக்கொண்டே வருகிறான். மற்றவர்கள் செட்டுக்கு முன்னால் நின்று நடிக்கிறார்கள். இவர் மட்டும், செட் வரைந்தவர்கள் கடைசியாக இழுத்துவிட்ட கோடு போல இருக்கிறார். அப்போது வயது 26, 27தான். பெர்லினிலேயே 1893இல் பிறந்து, நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் அரங்கில் தொழில் கற்று, முதல் உலகப்போரில் கிழக்கு முனைக்குப் போய் நோயோடு திரும்பியவர்.

வீட்டுக்கு வரும் பஸ்ஸில் போனில் தேடிப் பார்த்தால் தூக்கிவாரிப்போட்டது. 'காசாப்ளாங்கா'வில் வரும் நாஜி மேஜர் ஸ்டிராசர் இவர்தானாம்! கல்லூரியில் அந்தப் படத்தை மூன்று தடவை பார்த்தவன் நான், பெயரைக் கவனித்ததே இல்லை. உங்களுக்கும் இப்படி நடந்திருக்கிறதா?

*

அண்ணா, என்னை ஃபைட்டிடம் கொண்டுபோனது பேட்மேன் கதை வில்லன் ஜோக்கர். அந்தச் சிரிப்பின் மூலம் 1928இல் வந்த 'சிரிக்கும் மனிதன்' என்று படித்துவிட்டுத்தான் அதைப் பார்த்தேன். பால் லேனி இயக்கியது, ஹாலிவுட் படம். சிறு வயதில் முகத்தைக் கீறி நிரந்தரமாகச் சிரிக்க வைத்துவிட்ட ஒருவனின் கதை. உதட்டைப் பின்னால் இழுத்துப்பிடிக்கக் கொக்கி வைத்த பல்செட்டை ஃபைட் போட்டிருந்தாராம், அதை மாட்டினால் பேசவே முடியாதாம். பேசாத படம் என்பதால் தப்பித்தார். மொத்தப் படத்தையும் கண்ணை வைத்தே ஓட்டியிருக்கிறார். கீழே வாய் பல்லைக் காட்டிக்கொண்டிருக்க, மேலே கண் கெஞ்சும். ஜோக்கரைத் தேடிப் போனவன் அழுதுகொண்டு வந்தேன்.

*

தம்பி, நீங்கள் பெர்லினில் இருப்பதால் இதைச் சொல்கிறேன். மகளைப் பார்க்க வந்திருந்தபோது, ராண்ஸ்டோர்ஃப் ரயில் நிலையத்தில் இறங்கி 87ஆம் நம்பர் டிராம் பிடித்து வோல்டர்ஸ்டோர்ஃப் போனேன். காட்டுக்குள்ளேயே போகும் டிராம். 1921இல் இயக்குநர் ஜோ மே அங்கேதான் செட் போட்டு இந்தியாவைக் கட்டினார், கோயில், கோபுரம், அரண்மனை எல்லாம். படம் 'இந்தியக் கல்லறை', இரண்டு பாகம். நம் ஆள் வங்காள மகாராஜா!

சிரிக்காமல் பார்ப்பது கஷ்டம். மண்ணுக்குள் புதைந்திருக்கும் யோகியைத் தோண்டி எழுப்புவதில் ஆரம்பிக்கிறது. மகாராஜா ஒரு ஐரோப்பியக் கட்டடக் கலைஞரை வரவழைத்து ராணிக்குக் கல்லறை கட்டச் சொல்கிறார். ராணியோ உயிரோடு இருக்கிறாள். வெள்ளைக்கார அதிகாரியைக் காதலித்த குற்றத்துக்காக முன்கூட்டியே கல்லறை. அந்த ராணிக்குப் போய் சாவித்திரி என்று பெயர் வைத்திருக்கிறார்கள். எமனிடம் வாதாடிக் கணவனை மீட்டவளின் பெயர்! திரைக்கதை எழுதிய தேயா ஃபான் ஹார்போவுக்கும் ஃப்ரிட்ஸ் லாங்குக்கும் அதை யாராவது சொல்லியிருக்கலாம்.

ஆனாலும் ஃபைட் வரும் இடங்களில் சிரிப்பு நின்றுவிடும். தலைப்பாகைக்குக் கீழே அந்த ஒட்டிய முகம், பொறாமையில் வெந்துபோன ஒருவனுடைய முகம். அது எந்த நாட்டுக்கும் பொருந்தும். செட் இருந்த சுவடு ஒன்றும் என் கண்ணில் படவில்லை. ஏரி இருந்தது, மீன் வறுவல் சாப்பிட்டுவிட்டுத் திரும்பினேன்.

*

நான் நடிகர் சாபுவுக்காகப் பார்க்கப்போய் ஃபைட்டிடம் மாட்டிக்கொண்டவள். மைசூர்ப் பக்கம் காராப்பூரில் யானைப்பாகன் வீட்டில் பிறந்து லண்டன் ஸ்டுடியோவுக்குப் போன பையன். 1940இல் வந்த 'பாக்தாத் திருடன்' ஆங்கிலப் படத்தில் சாபு திருடன், ஃபைட் மந்திரவாதி ஜாஃபர். கலர் படம், பேசும் படம், ஆனாலும் மனுஷன் மௌனப் பட உத்தியை விடவில்லை. கண்ணை உருட்டாமல் அப்படியே நிறுத்துவார், அவ்வளவுதான், இளவரசி மயங்கிவிடுவாள். அப்பா விசிடி வாங்கி வந்திருந்தார். எம்ஜிஆர் படம் என்று நினைத்து உட்கார்ந்த பாட்டி கடைசிவரை எழுந்திருக்கவில்லை.

*

எல்லோரும் பேய், மந்திரவாதி என்றே சொல்கிறீர்கள். எனக்கு அந்த விறைத்த நடிப்பு அளவாகத்தான் பிடிக்கும். 1919இல் வந்த 'மற்றவர்களிலிருந்து வேறுபட்டவர்கள்' பாருங்கள். ஆணை நேசிக்கும் வயலின் கலைஞர் பால் கோர்னராக வருகிறார். அப்போது ஜெர்மன் சட்டத்தின் 175ஆம் பிரிவுப்படி அது குற்றம். அதை வைத்து ஒருவன் மிரட்டிப் பணம் பறிக்கிறான். அந்தச் சட்டத்தை எதிர்த்துப் போராடிய டாக்டர் மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்டே படத்தில் தோன்றிப் பேசுகிறார். அடுத்த வருடமே தணிக்கையில் தடை. இன்று மிஞ்சியிருப்பது ஒரு பகுதிதான், விட்டுப்போன இடங்களை ஸ்டில்களும் எழுத்தும் வைத்து நிரப்பியிருக்கிறார்கள். மிரட்டல்காரனுக்கு முன்னால் நிற்கும்போது ஃபைட் எதுவும் பெரிதாகச் செய்வதில்லை, தோள் மட்டும் கொஞ்சம் இறங்கும்.

1933இல் யூத மனைவியோடு நாட்டை விட்டே போனவர் அவர். தான் யூதர் இல்லாவிட்டாலும், படிவத்தில் இனம் கேட்ட இடத்தில் 'யூதர்' என்றே எழுதினார் என்று சொல்வார்கள். அப்படிப்பட்டவருக்கு ஹாலிவுட்டில் நாஜி வேஷம். 'காசாப்ளாங்கா' ஓடிக்கொண்டிருந்த 1943 ஏப்ரலில், லாஸ் ஏஞ்சலஸில் கோல்ஃப் ஆடும்போது மாரடைப்பு. ஐம்பதே வயது.

*

ஐயா, வோல்டர்ஸ்டோர்ஃப் அடுத்த வாரம் போகிறேன், மீன் வறுவலும் உண்டு. நேற்று குர்ஃபுர்ஸ்டன்டாம் தெருவில் மார்மோர்ஹவுஸைத் தேடிப் போனேன். 1920 பிப்ரவரி 26 அன்று காலிகரியை முதலில் திரையிட்ட இடம். முகப்பு இருக்கிறது, தியேட்டர் போய்க் கடை வந்துவிட்டது. நான் படம் எடுப்பதைப் பார்த்துக் காவலாளி, யாரைத் தேடுகிறீர்கள் என்றார். செசாரே என்றேன். அந்தப் பெயரில் இங்கே யாரும் வேலை செய்யவில்லையே என்றார்.