அலிபுரம் சிறையில் இருந்ததற்கு ஆவணம் எங்கே? தியாகி பென்ஷன் விவாதம்

கண்மாய்க்கரை:
என் தாத்தா 1942 ஆகஸ்ட் போராட்டத்தில் தேவகோட்டைப் பக்கம் கைதாகி பெல்லாரி அலிபுரம் சிறையில் இருந்தவர். மத்திய அரசின் தியாகி பென்ஷனுக்கு 1981-லேயே மனுப் போட்டார். சிறைச் சான்று இல்லை என்று திருப்பிவிட்டார்கள். அவர் காலமாகிவிட்டார், இப்போது தொண்ணூறைத் தாண்டிய பாட்டி கேட்கிறார். குறைந்தது ஆறு மாதம் உள்ளே இருந்திருக்க வேண்டும் என்பது விதி. பதிவேடு இல்லையென்றால் மாநில அரசு ‘ஆவணம் கிடைக்கவில்லை’ என்று சான்று தர வேண்டும், கூடவே உடன் சிறையிலிருந்தவர்கள் சாட்சி சொல்ல வேண்டும், அவர்களும் ஓராண்டாவது சிறையில் இருந்தது நிரூபணமானவர்களாக இருக்க வேண்டும். இன்றைக்கு அப்படி ஒருவரை எந்த ஊரில் போய்த் தேடுவது? பதிவேட்டை எழுதியதும் அரசு, பத்திரப்படுத்தாமல் விட்டதும் அரசு. நிரூபிக்கும் பாரம் மட்டும் பாட்டி தலையிலா?

பழைய குமாஸ்தா:
தம்பி, உங்கள் தாத்தாவை நான் சந்தேகப்படவில்லை. ஆனால் இந்த மனுக்களைப் பரிசீலிக்கும் மேசையில் உட்கார்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன், சாட்சி விதியைத் தளர்த்தினால் முதலில் உள்ளே வருவது உண்மையான தியாகி இல்லை. மகாராஷ்டிராவில் பீட் மாவட்டத்தில் என்ன நடந்தது என்று தேடிப் பாருங்கள். நிஜாம் ஆட்சிக்கு எதிரான ஹைதராபாத் விடுதலைப் போராட்டத்தில் தலைமறைவாக இருந்தோம் என்று ஏகப்பட்ட பேர் போலிச் சான்றோடு பென்ஷன் வாங்கி, விசாரணைக் கமிஷன் வைத்து, 2005-ல் உச்ச நீதிமன்றம் வரை போனது. ஒரே கையெழுத்தில், ஒரே வாசகத்தில், பெயரை மட்டும் மாற்றிய சான்றுகளை நானே கையில் வைத்துப் பார்த்திருக்கிறேன். அடிபட்டவன் பெயரைச் சொல்லி அடிபடாதவன் காசு வாங்குவதைப் பார்த்தால் உங்களுக்கும் கோபம்தான் வரும்.

கண்மாய்க்கரை:
போலி வந்தால் போலியைப் பிடியுங்கள் ஐயா. அதற்காக எல்லோரையும் வாசலிலேயே நிறுத்துவதா? 2001-ல் குர்தியால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமே, கிரிமினல் கேஸ் மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாத நிரூபணம் கேட்காதே, நடந்திருக்க வாய்ப்புண்டா என்று பார் என்றுதானே சொன்னது?

பழைய குமாஸ்தா:
சொன்னது. அதே நீதிமன்றம் வேறு வழக்குகளில், திட்டம் கேட்கும் சான்று இல்லாமல் பென்ஷன் கோர முடியாது என்றும் சொல்லியிருக்கிறது. ஒன்றை மட்டும் எடுத்து வைத்தால் எப்படி?

ஆவணக்காதலன்:
இருவருமே ஒரு விஷயத்தை விட்டுவிட்டீர்கள். அலிபுரம் அப்போது சென்னை மாகாணம், 1953-ல் பெல்லாரி மைசூர் மாநிலத்தோடு போய்விட்டது. கண்ணூர் சிறை 1956-ல் கேரளத்துக்கு, ராஜமுந்திரி அதற்கு முன்பே ஆந்திராவுக்கு. நம் ஊரில் கைதானவரின் காகிதம் மூன்று மாநிலங்களில் எங்கே வேண்டுமானாலும் இருக்கலாம். இங்கே கேட்டால் இங்கே இல்லை என்பார்கள், அங்கே கேட்டால் உங்கள் மாநிலத்தைக் கேளுங்கள் என்பார்கள். சம்பந்தப்பட்ட எல்லா இடத்திலும் தேடினோம், கிடைக்கவில்லை என்று இருந்தால்தான் டெல்லி ஏற்கும். உங்களுக்கு வந்த பதிலில் என்ன வாசகம்?

கண்மாய்க்கரை:
‘தங்கள் மனுவில் கோரிய விவரம் இவ்வலுவலகத்தில் இல்லை.’ அவ்வளவுதான். டெல்லியிலிருந்து, இது உரிய படிவத்தில் இல்லை என்று திரும்பி வந்தது. ஆனால் பாட்டியின் டிரங்குப் பெட்டியில் தாத்தா சிறையிலிருந்து போட்ட இரண்டு கார்டுகள் இருக்கின்றன. ஒன்று 1943 ஜனவரி, இன்னொன்று ஆகஸ்ட். இரண்டிலும் சிறைத் தணிக்கை முத்திரை. இரண்டாவது கார்டில் நாலு வரி மை பூசி அடித்திருக்கிறது.

பழைய குமாஸ்தா:
கார்டு நல்ல ஆதாரம்தான், மறுக்கவில்லை. ஆனால் அது அந்தத் தேதியில் உள்ளே இருந்தார் என்றுதான் காட்டும். நடுவில் விடுதலையாகி மறுபடி கைதாகியிருந்தால்? அப்படி நடந்தவர்கள் அந்தக் காலத்தில் எத்தனையோ பேர்.

கண்மாய்க்கரை:
இரண்டு கார்டிலும் கைதி எண் ஒன்றேதான். வெளியே போய்த் திரும்பி வந்தவருக்கு அதே எண்ணையா கொடுப்பார்கள்?

ஆவணக்காதலன்:
இதை ஏன் முதலிலேயே சொல்லவில்லை? அந்த எண்ணையும் இரண்டு தேதிகளையும் வைத்து பெல்லாரி சிறை நிர்வாகத்துக்கு நேரடியாக எழுதுங்கள். பெயரை வைத்துத் தேடினால் பத்து முத்தையா வருவார்கள், எண்ணை வைத்துத் தேடினால் ஒருவர்தான். கிடைக்கவில்லை என்றால் அதையே எழுத்தில் வாங்குங்கள், அது ‘எல்லா இடத்திலும் தேடியாயிற்று’ என்பதில் ஒரு பாதி. அப்புறம் எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் 1942-43 அரசாணைகளைப் பாருங்கள். தண்டனை தந்த கோர்ட்டின் தீர்ப்பு நகலும் முக்கியம், ஆனால் தேவகோட்டைக் கோர்ட்டையே அந்தப் போராட்டத்தில் கொளுத்திவிட்டார்கள், அதனால் மேல்முறையீடு போயிருந்தால் அங்கே தேடுங்கள்.

பழைய குமாஸ்தா:
அந்த எண் இருந்தால் என் மேசையில் நான் சாதகமாகக் குறிப்பு எழுதியிருப்பேன். ஆனாலும் மாநில அரசின் சான்று இல்லாமல் குறிப்பு மேலே நகராது. விதி அப்படி.

கண்மாய்க்கரை:
அதைத்தான் ஐயா நானும் சொல்கிறேன். பெல்லாரிக்கும் எழும்பூருக்கும் கடிதம் போட வேண்டியது மனு வாங்கிய அலுவலகம். அரசு அரசைக் கேட்டால் ஒரு மாதத்தில் பதில் வரும். தொண்ணூறு வயதுக் கிழவி கேட்டால் எவன் பதில் போடுவான்? அந்த ஒரு வரியை விதியில் சேர்த்தால் போலிக்கு எந்தக் கதவு திறக்கிறது என்று சொல்லுங்கள்.

பழைய குமாஸ்தா:
அதில் எனக்கு ஆட்சேபணை இல்லை. தேடும் வேலையை அரசு எடுக்கட்டும். ஆனால் தேடியும் ஒன்றும் கிடைக்காதபோது வாய்வார்த்தையை நம்பிக் கொடு என்றால் அதற்கு ஒப்புக்கொள்ள மாட்டேன்.

கண்மாய்க்கரை:
அங்கேதான் நமக்குள் சண்டை. எண்ணோடு இருக்கும் கார்டை ‘வாய்வார்த்தை’ என்று சொல்லாதீர்கள். பெல்லாரிக்கு இன்றே எழுதுகிறேன்.