ஷூரிட்டி போட்ட லோனுக்கு எனக்கு நோட்டீஸ், அவசரம்

நெல்லைசீமை: மச்சான் கடை லோனுக்கு ஷூரிட்டி (ஜாமீன்) போட்டேன். அவர் கட்டலை. இப்ப எனக்கு நோட்டீஸ். வீட்டை எடுப்போம்னு இருக்கு. நான் ஒரு ரூபாய்கூட வாங்கலை. அவர் சொத்தை முதல்ல எடுங்கன்னு பதில் போட்டா போதுமா?

பத்திரக்கட்டு: வக்கீல் நோட்டீஸா, வங்கி அதிகாரியே அனுப்பினதா? எந்தப் பிரிவு போட்டிருக்கு? வீட்டுப் பத்திரம் அடமானம் கொடுத்தீங்களா, வெறும் கையெழுத்தா? நோட்டீஸ் தேதி என்ன?

கரூர்தறி: தாராளமா போடுங்க அண்ணா. கடன் வாங்கினவர் சொத்தை ஜப்தி பண்ணி, போதாததுக்குத்தான் ஷூரிட்டிகிட்ட வரணும்.

செக்‌ஷன்128: இதே தப்பை இங்க எத்தனை தடவை திருத்துறது? ஒப்பந்தச் சட்டம் 1872, பிரிவு 128: கடன்காரர் பொறுப்பு எவ்வளவோ, ஜாமீன்தாரர் பொறுப்பும் அவ்வளவு. 1969-லயே பேங்க் ஆஃப் பீகார் வழக்குல உச்ச நீதிமன்றம் சொல்லிடுச்சு, வங்கி முதல்ல கடன்காரரைத் துரத்தணும்னு கட்டாயம் இல்லை. அடிப்படை தெரியாம ஆலோசனை சொல்லாதீங்க.

கரூர்தறி: சரி, அப்ப சம்பளத்தையும் முழுசா பிடிப்பாங்களா?

பத்திரக்கட்டு: கோர்ட் டிக்ரி (தீர்ப்பாணை) வந்தாத்தான் பிடிக்க முடியும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 60-ன்படி முதல் 1,000 ரூபாயையும் மீதியில மூணுல ரெண்டு பங்கையும் தொட முடியாது. 40,000 சம்பளம்னா மாசம் 13,000 வரைக்கும், அதுவும் ஒரு டிக்ரிக்கு மொத்தம் 24 மாசம்தான். ஆனா அதே வங்கியில சேமிப்புக் கணக்கு இருந்தா ஹோல்டு போட்டுடுவாங்க.

நெல்லைசீமை: 13(2)னு இருக்கு. வீட்டுப் பத்திரம் கொடுத்திருக்கேன், சொல்ல விட்டுட்டேன். 41 நாள் ஆச்சு.

பத்திரக்கட்டு: அது சர்ஃபாசி சட்டம் 2002, கோர்ட் போகாமலே வங்கி அடமானச் சொத்தை எடுக்க விடுற சட்டம். அதுல ஜாமீன்தாரரும் கடன்காரர்தான். நோட்டீஸ் தேதியிலிருந்து 60 நாள், உங்களுக்கு மிச்சம் 19. அதுக்குள்ள ஆட்சேபணை எழுதி ஒப்புகையோட ஸ்பீட் போஸ்ட்ல அனுப்புங்க. வங்கி 15 நாளுக்குள்ள காரணத்தோட பதில் தரணும். முழு கணக்கு அறிக்கையையும் ஷூரிட்டிப் பத்திர நகலையும் அதே கடிதத்துல கேளுங்க. 90 நாள் தவணை நிலுவை இருந்தபிறகுதான் வாராக்கடன்னு போட்டாங்களான்னு பாருங்க. அப்புறம் 13(4)-ல சுவாதீன நோட்டீஸ் (வீட்டை வங்கி எடுத்துக்கிட்டதா அறிவிப்பு) ஒட்டினா 45 நாளுக்குள்ள மதுரை கடன் மீட்புத் தீர்ப்பாயத்துல பிரிவு 17 மனு. முன்சீப் கோர்ட்ல தடை கேட்டுப் போகாதீங்க, பிரிவு 34 அதைத் தடுக்குது, நாள்தான் போகும்.

செக்‌ஷன்128: லிமிட்டை (கடன் வரம்பை) உங்களைக் கேக்காம ஏத்தியிருந்தா ஒப்பந்தச் சட்டம் பிரிவு 133-ல ஜாமீன் மொத்தமும் விடுபடும்.

பத்திரக்கட்டு: மொத்தமும் இல்லை. மாற்றத்துக்குப் பிந்தின கொடுக்கல் வாங்கலுக்கு மட்டும்தான்னு அந்தப் பிரிவிலேயே இருக்கு. முந்தின பாக்கி உங்க தலையிலதான்.

செக்‌ஷன்128: பாதி விடுபட்டாலும் வாதம் வாதம்தான்.

பத்திரக்கட்டு: வாதம்தான், ஆனா ஷூரிட்டிப் பத்திரத்தைப் பார்க்காம நம்ப வைக்காதீங்க. பொடி எழுத்துல '133, 134, 135, 139, 141 பிரிவு உரிமைகளை விட்டுக்கொடுக்கிறேன்'னு ஒரு பத்தி பெரும்பாலும் இருக்கும். கையெழுத்து அதுக்குக் கீழேயே இருக்கும்.

கரூர்தறி: கட்டவேண்டி வந்துட்டா மச்சான்கிட்ட வசூலிக்க முடியுமா?

பத்திரக்கட்டு: முடியும், பிரிவு 145. ரசீதுல 'ஜாமீன்தாரர் என்ற முறையில் செலுத்தியது'ன்னு எழுதி வாங்குங்க. கட்டின நாள்லேருந்து 3 வருஷத்துக்குள்ள வழக்குப் போடணும். மச்சான் கொடுத்த அடமானமும் 140, 141-ன்படி உங்களுக்கு வரும், அந்த 141-ஐ எழுதிக் கொடுக்காம இருந்தா. இன்னொரு ஷூரிட்டி இருந்தா 146-ல பாதியை அவர்கிட்ட கேக்கலாம்.

நெல்லைசீமை: பதில் அனுப்பியாச்சு. நகல் கிடைச்சது. நான் போட்டது 7 லட்சத்துக்கு, லிமிட் இப்ப 12 லட்சம். புது தாள்ல என் கையெழுத்து இல்லை. பழைய தாள்ல அந்தப் பத்தி இருக்கு. திங்கக்கிழமை மதுரை வக்கீலைப் பார்க்கிறேன்.