உதவி: நேரத்த திருப்புற மடம் இருக்கும்போ ராஜா எப்படி சாவாரு? கத சிக்கிட்டு

தக்கலத்தம்பி: மக்களே கொஞ்சம் அவசரம். நான் எழுதுக தொடர்கதையில நாழிகையர்னு ஒரு மடம் உண்டு, நேரத்தயே படிச்சு படிச்சு கடைசியில அத திருப்பவும் கத்துகிட்ட பண்டிதங்க, மூணு நாழிகை அதாவது மூணு மணி நேரம் வரைக்கும் பின்னால போவ முடியும். இப்போ ராஜாவுக்கு விஷம் வச்சு கொன்னாச்சு. ஒரு வாசகர் வந்து "திருப்பி விட்டா தீந்துச்சே, மடத்துல எதுக்கு ஒப்பாரி"ன்னு ஒரே ஒரு கமெண்ட், அதுக்கு லைக்கு குவியுது. எனக்க கிட்ட பதில் இல்ல. நாளைக்கு அடுத்த அத்தியாயம் போடணும், யாராவது வழி சொல்லுங்க.

குளச்சல் அல: திருப்பினா யாருக்கு ஞாபகம் இருக்கும்? திருப்பினவனுக்கு மட்டுமா, ஊருக்கேவா?

அருமனை அக்கா: அதோட இதயும் சொல்லுப்பா. ராஜா செத்தது எங்க, மடத்துலயா அரண்மனையிலயா? சேதி மடத்துக்கு வந்து சேர எவ்வளவு நேரம்? ஏற்கனவே போட்ட அத்தியாயத்த மாத்தலாமா கூடாதா?

பழையாறு: மாசத்துக்கு ஒண்ணு இப்படி வருது. முதல்ல உலகத்தோட விதிய எழுதி வச்சுட்டு அப்புறம் கத எழுதணும், இதெல்லாம் இங்க பலதடவ சொல்லியாச்சு. ரெண்டாவது, நாழிகைன்னா 24 நிமிஷம். ஒரு நாளுக்கு 60. மூணு நாழிகைன்னா 72 நிமிஷம்தான், மூணு மணி நேரம் இல்ல. மூணாவது, நேரத்துல வித்தியாசம் வரும்ங்கதுக்காவது கணக்கு உண்டு, 1971-ல அணு கடிகாரத்த விமானத்துல ஏத்தி உலகத்த சுத்தி கொண்டு வந்து தரையில இருந்ததோட ஒத்துப் பாத்தாங்க, நானோ செகண்ட் கணக்குல மாறியிருந்துச்சு. பின்னால போறதுக்கு அப்படி ஒரு சோதனையும் கெடையாது. யோசிச்சு எழுதணும் தம்பி.

மார்த்தாண்டம் தேன்: அண்ணாச்சி அவனுக்க கதையில பிளேனே கெடையாதே.

இரணியல் நெசவு: சிம்பிள். திருப்பினா திருப்பினவனுக்கு வயசு போவணும். ஒரு நாழிகைக்கு பத்து வருஷம்னு வை. கெழட்டு பண்டிதங்க ஒருத்தனும் முன்வர மாட்டான், முடிஞ்சு.

அருமனை அக்கா: அப்போ எளவட்டம் ஒருத்தன் திருப்பலாமே? ராஜாவுக்காக பத்து வருஷம் குடுக்க ஆளா இல்ல?

இரணியல் நெசவு: அப்போ இருவது வருஷம்னு வை.

தக்கலத்தம்பி: வேலையில இருந்தேன். ஞாபகம் திருப்பினவங்களுக்கு மட்டும். செத்தது அரண்மனையில, மடத்துல நாலாவது மணி அடிச்ச உடனே. குதிரக்காரன் மடத்துக்கு வர ரெண்டு நாழிகை ஆவும். போட்டத மாத்த முடியாது, எல்லாரும் படிச்சாச்சு. வயசு போற மேட்டர் ரெண்டாம் அத்தியாயத்துலயே இல்லன்னு எழுதிட்டேன். நாழிகை எனக்க உலகத்துல கொஞ்சம் நீளம், அத விடுங்க.

பழையாறு: நீளம்னா அதுக்கு வேற பேரு வை. ஜாதகத்துல உதயாதி நாழிகைன்னு சூரிய உதயத்துல இருந்து எண்ணுகாங்களே, அந்த கணக்குக்கு ஒரு மரியாத வேண்டாமா?

குளச்சல் அல: அவனுக்க உலகத்துல சூரியன் எத்தன மணிக்கு உதிக்கும்னு ஒங்களுக்கு தெரியுமா? நம்ம ஊர்லயே பழைய பத்திரம் எடுத்தா கொல்லம் ஆண்டு, அதாவது மலையாள வருஷம், காலண்டர்ல இங்கிலீஷ் வருஷம், கோயில்ல தமிழ் வருஷம். ஒண்ணும் மூழ்கிப் போவல்ல.

இரணியல் நெசவு: கொல்லம் ஆண்டும் சித்திரையிலதான பொறக்கும்?

குளச்சல் அல: ஆவணி ஒண்ணு. மலையாளத்துல சிங்ஙம்.

பழையாறு: தெக்க அப்படி. வடக்க மலபார் பக்கம் முன்னால கன்னி மாசம், நம்ம புரட்டாசி. பாதி தெரிஞ்சுகிட்டு பேசப்படாது.

மார்த்தாண்டம் தேன்: ராஜா அங்க பொணமா கெடக்காரு. தம்பி நம்ம குமரி அம்மன் கதைய யோசிச்சு பாத்தியா? நடுராத்திரி முகூர்த்தம், சுசீந்திரத்துல இருந்து மாப்ளை பொறப்பட்டாச்சு, வழுக்கம்பாற பக்கம் வரும்போ நாரதர் சேவல் மாதிரி கூவினாரு, விடிஞ்சிட்டுன்னு நெனச்சு மாப்ளை திரும்பிட்டாரு. நாரதர் நேரத்த தொடவே இல்ல. நேரம் போச்சுன்னு நம்ப வச்சாரு, அவ்வளவுதான். ஒனக்க கதையிலயும் மூணு நாழிகை தாண்டிட்டுன்னு மடத்த நம்ப வச்சா போதும்.

தக்கலத்தம்பி: ஆனா அவங்க பெரிய பண்டிதங்க அண்ணே. ஒரு சேவலுக்கு ஏமாறுவாங்களா?

அருமனை அக்கா: மடத்துல நேரம் பாக்கது எத வச்சு? அத இன்னும் நீ சொல்லல்ல.

தக்கலத்தம்பி: வட்டில் வச்சு. அடியில ஓட்ட போட்ட செம்பு வட்டில தண்ணியில மெதக்க விடுவாங்க, ரொம்பி முங்கினா ஒரு நாழிகை, மணி அடிச்சுட்டு திரும்ப மெதக்க விடணும்.

அருமனை அக்கா: அப்போ அதுலதான் கையி வைக்கணும். பாஸ்கராச்சாரியார் மக கல்யாணத்துல வட்டில்ல முத்து விழுந்து ஓட்ட அடச்சு, முங்காமலே முகூர்த்தம் தப்பிட்டுன்னு ஒரு கத உண்டே. நீ அத தலகீழா போடு. ஓட்ட அடையாண்டாம், பெருசாவட்டும். தண்ணி ஏறுக பரப்பு ரெட்டிப்பானா ஏறக்கொறைய பாதி நேரத்துல முங்கும். குதிரக்காரன் வாறதுக்கு நெசமா ரெண்டு நாழிகைதான் ஆச்சு, ஆனா மடத்துல அதுக்குள்ள எட்டாவது மணி அடிச்சாச்சு. நாலுல செத்தாரு, இப்போ எட்டு, அப்போ நாலு நாழிகை போச்சுன்னு எல்லாரும் உக்காந்து அழுவுகாங்க. திருப்ப இன்னும் நேரம் கெடந்துச்சு, ஒருத்தனும் திருப்பிப் பாக்கல்ல. குதிரப்பயணம் ரெண்டு நாழிகைன்னு நீயே எழுதிட்டதால கூர்மையா படிச்சவன் அங்கேயே பிடிச்சிருப்பான்.

மார்த்தாண்டம் தேன்: அக்கா நீங்க இனி எனக்க கதையும் பாத்து குடுக்கணும்.

பழையாறு: நட்சத்திரம் பாத்தா தெரிஞ்சிருக்குமே. காலத்த படிச்ச பண்டிதன் வானத்த நிமிந்து பாக்க மாட்டானா?

தக்கலத்தம்பி: அன்னைக்கு ராத்திரி முழுக்க மழ. குதிரக்காரன் நனஞ்சு வந்தான்னு போன அத்தியாயத்துல இருக்கு. அக்கா, ஒங்களுக்கு கோயில் கட்டணும். எழுத போறேன்.

இரணியல் நெசவு: வயசு போறதும் நல்ல ஐடியாதான்.

பழையாறு: மழ சரி. ஆனா ஓட்டைய பெருசாக்கினவன் மணி அடிக்கவனுக்கு தெரியாம எப்படி செஞ்சான்? வட்டில் சீக்கிரம் சீக்கிரம் முங்குகது அவனுக்கு தோணாதா?

அருமனை அக்கா: அதத்தான் அண்ணே நானும் கேக்கணும்னு இருந்தேன். மணி அடிச்சவனே கூட்டாளியா இருக்கலாம், புதுசா வந்த சின்னப் பையனாவும் இருக்கலாம். தம்பி, அந்த ராத்திரி வட்டில் பக்கம் யாரு இருந்தான்னு எங்கயாவது எழுதிட்டியா?

தக்கலத்தம்பி: கதாநாயகி.