மறு: லாஞ்சர் இல்லாமல் விளையாடுவதற்குத் தமிழில் என்ன சொல்லலாம்?

குழுவினர் எல்லோருக்கும் வணக்கம்.

இழை நீண்டுவிட்டதால் முதல் மடலிலிருந்து மறுபடி படித்தேன். விளையாட்டைத் திறந்துவிடும் செயலியைக் குறிக்கும் லாஞ்சர் என்ற ஒரு சொல்லுக்கு நாம் எல்லோரும் தமிழில் இணை தேடிக்கொண்டிருக்கிறோம். காசு கொடுத்து வாங்கிய கணினி விளையாட்டை அதை விற்ற ஸ்டீம், எபிக் போன்ற இணையக் கடைகளின் செயலியைத் திறக்காமல் ஆடுவது என்று சொல்லும்போது, மூன்று வேறுவேறு நிலைகளை ஒரே பெயரில் பேசுகிறோம். அவற்றை முதலில் பிரித்துவிட்டால் சொல் தேடுவது எளிதாகிவிடும்.

முதல் நிலை சாதாரணமானது. ஸ்டீமில் சைபர்பங்க் 2077 அல்லது பால்டர்ஸ் கேட் 3 வாங்கியவர்களுக்கு இது தெரியும். விளையாடு என்ற பொத்தானை அழுத்தினால் ஆட்டம் வராது, தயாரித்த நிறுவனத்தின் செய்தியும் விளம்பரமும் நிறைந்த இன்னொரு சாளரம் வரும். அதிலும் ஒரு முறை அழுத்த வேண்டும். விளையாட்டின் பண்புகள் பக்கத்தில் ஒரு சிறு கட்டளையைச் சேர்த்தால் அந்தச் சாளரம் வராமல் போகும். இரண்டு விளையாட்டுக்கும் லாஞ்சர், ஸ்கிப் என்ற அதே இரண்டு சொற்கள்தான், வரிசை மட்டும் மாறும். ஆனால் இங்கே ஸ்டீம் பின்னால் ஓடிக்கொண்டேதான் இருக்கிறது. தவிர்த்தது ஒரு திரையை மட்டுமே.

இரண்டாவது, இணையமில்லா நிலை. நெட் இல்லாத ஊரிலும் ஸ்டீமைத் திறந்து ஆடலாம். ஆனால் ஸ்டீம் கணினியில் இருக்க வேண்டும், நெட் இருந்தபோதே உள்நுழைந்திருக்க வேண்டும். அறுந்தது இணைய இணைப்பு. கடையோடு உள்ள கட்டு அப்படியே இருக்கிறது.

மூன்றாவதுதான் நாம் பேச வந்தது. கடையின் செயலி கணினியிலேயே இல்லை, விளையாட்டும் அதைத் தேடுவதில்லை. கோப்புறையை அப்படியே இன்னொரு கணினிக்கு எடுத்துப் போனாலும் ஓடும். போலந்தின் சிடி ப்ராஜெக்ட் 2008இல் தொடங்கிய ஜிஓஜி கடை இதையே கொள்கையாக வைத்து விற்கிறது. உலாவியில் நிறுவல் கோப்பை இறக்கி ஒரு ஹார்ட் டிஸ்கில் போட்டு வைத்துக்கொள்ளலாம். கேலக்ஸி என்ற செயலி அவர்களிடமும் உண்டு, ஆனால் தனியாக ஆடுவதற்கு அது கட்டாயமில்லை. ஸ்டீமிலேயே இப்படி ஓடும் விளையாட்டுகள் உண்டு என்பது பலருக்குத் தெரியாது. ஸ்டீம் வழியாக ஒரு முறை இறக்க வேண்டும், அப்புறம் கோப்பை இரட்டைச் சொடுக்கு செய்தாலே போதும்.

இப்போது வந்திருக்கும் பரிந்துரைகளுக்கு வருகிறேன்.

> துவக்கி என்று வைக்கலாமே. எல்லோருக்கும் புரியும்.

யாழ்ப்பாணத்து நண்பர் இதற்கு ஏற்கெனவே பதில் எழுதிவிட்டார். ஈழத்தில் துவக்கு என்றால் துப்பாக்கி. பாதிக்குப் பாதி சுடும் விளையாட்டாக இருக்கும் துறையில் இந்தச் சொல் குழப்பத்தை மட்டுமே தரும். கடலுக்கு இரண்டு பக்கமும் ஒரே பொருளில் படிக்கக்கூடிய சொல்லாக இருக்க வேண்டும் என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன்.

> அப்படியானால் ஏவி, அல்லது தொடங்கி.

இரண்டும் வினையெச்சமாகவும் நிற்கும். "தொடங்கி இல்லாமல் விளையாடினேன்" என்று எழுதிப் பாருங்கள், வாசகர் அந்த இடத்தில் ஒரு முறை தடுக்கித்தான் மேலே போவார். பெயர்ச்சொல்லாகத் தெரிவதற்கு ஒவ்வொரு முறையும் மேற்கோள்குறி போட வேண்டிய சொல் நிலைக்காது.

> கடைவாயில். கடைக்கு வாயில், அதன் வழியாகத்தானே உள்ளே போகிறோம்?

பொருள் அழகாக இருக்கிறது. ஆனால் கடைவாய் என்று ஒன்று ஏற்கெனவே நம் முகத்திலேயே இருக்கிறது. "கடைவாயில் திறக்கவில்லை" என்று படித்தால் பல் மருத்துவரிடம் சொல்வது போலிருக்கும்.

> ஏவிமீறல் அல்லது பூட்டுடைப்பு. செயலைத் தெளிவாகச் சொல்கிறது.

இதை மட்டும் நான் கடுமையாக எதிர்க்கிறேன். மீறல், உடைப்பு இரண்டும் குற்றத்தின் சொற்கள். காசு கொடுத்து வாங்கியவர் தன் கணினியில் தன் ஆட்டத்தை ஆடுவதில் எதையும் உடைக்கவில்லை. பூட்டே இல்லாமல் விற்கப்பட்ட விளையாட்டில் உடைக்க என்ன இருக்கிறது? இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012 திருத்தம் சேர்த்த 65ஏ பிரிவும், உரிமையை மீறும் நோக்கத்தோடு பாதுகாப்பு ஏற்பாட்டைச் சுற்றிப்போவதைத்தான் தண்டிக்கிறது. பூட்டை உடைத்த திருட்டுப் பதிப்புக்கு வேறு பெயர் இருக்கிறது, அது அங்கேயே இருக்கட்டும். நேர்மையாக வாங்கியவர் தன் செயலைச் சொல்லக் கூச்சப்படும்படி ஒரு சொல்லை நாம் செய்து கொடுக்கக் கூடாது.

என் பரிந்துரை இது. லாஞ்சர் என்ற சொல் ஆங்கிலத்தில் இரண்டு பொருளைச் சுமக்கிறது. நாமும் அதே சுமையை ஒரே தமிழ்ச்சொல்லில் ஏற்ற வேண்டியதில்லை. ஸ்டீம், எபிக், கேலக்ஸி போன்றவை கடையும் நூலகமும் புதுப்பிப்பானும் சேர்ந்த செயலிகள். செயலி என்ற சொல் இன்று எல்லோர் வாயிலும் இருக்கிறது. ஆகவே இவற்றைக் கடைச்செயலி என்போம். முதல் நிலையில் சொன்ன, ஆட்டத்துக்கு முன் வந்து நிற்கும் நிறுவனத்தின் திரையைத் தொடக்கச் சாளரம் என்போம். அதைத் தவிர்ப்பதற்குத் தனிக் கலைச்சொல்லே வேண்டாம். "தொடக்கச் சாளரத்தைத் தவிர்" என்று ஒரு வரி போதும். ஆங்கிலத்தில் இருக்கும் ஒவ்வொரு சொற்றொடருக்கும் நாம் ஒரு சொல் செய்தாக வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை.

மூன்றாவது நிலைக்குத்தான் சொல் வேண்டும், அதை அழுத்திச் சொல்கிறேன். 2003 செப்டம்பரில் ஸ்டீம் வந்தபோது அது வால்வ் நிறுவனத்தின் சொந்த விளையாட்டுகளைப் புதுப்பிக்கும் கருவியாகத்தான் இருந்தது. அடுத்த ஆண்டு நவம்பரில் ஹாஃப்-லைஃப் 2 வெளிவந்தது. அதைப் பெட்டியில் வட்டாக வாங்கியவரும் ஸ்டீமில் கணக்கு திறந்து, இணையத்தில் ஒப்புதல் வாங்கித்தான் ஆட முடிந்தது. பொருள் கையில், அனுமதி வேறிடத்தில் என்ற நிலை அங்கிருந்து பரவியது. 2013 ஆகஸ்டில் மைக்ரோசாஃப்ட் தன் கேம்ஸ் ஃபார் விண்டோஸ் லைவ் கடையை மூடியது. அந்தச் சேவையோடு பிணைத்து வெளியான விளையாட்டுகளை வைத்திருந்தவர்கள் அதன்பின் பல ஆண்டுகள் திண்டாடினார்கள். ஃபால்அவுட் 3 விளையாட்டின் ஸ்டீம் பதிப்பிலிருந்து அந்தப் பிணைப்பை நீக்கியது 2021இல்தான். 2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7, 8 இரண்டிலும் ஸ்டீமுக்கு ஆதரவு இல்லை. இதில் விளையாட்டின் குற்றம் ஒன்றுமில்லை என்பதைக் கவனியுங்கள். 2010இல் விண்டோஸ் 7க்கென்றே செய்த விளையாட்டு அதே கணினியில் இன்னும் நன்றாக ஓடக்கூடியது. அதைத் திறந்துவிட வேண்டிய கடைச்செயலிக்குத்தான் அங்கே இடமில்லை. பழைய கணினியைப் பத்திரமாக வைத்திருக்கும் வீட்டில் இது பெரிய இழப்பு.

கலிஃபோர்னியாவில் 2025 தொடக்கத்திலிருந்து நடைமுறைக்கு வந்த சட்டம், இப்படிப்பட்ட விற்பனையில் வாங்குபவருக்குக் கிடைப்பது உரிமம் மட்டுமே என்று விற்பவர் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்கிறது. நிரந்தரமாக இறக்கிவைத்துக்கொண்டு, விற்பவரின் தயவில்லாமல் பயன்படுத்தக்கூடிய பொருள்களுக்கு அந்தச் சட்டமே விலக்கு கொடுக்கிறது. நாம் பெயர் தேடும் பொருளும் அதுதான். சட்டம் பிரித்துப் பார்க்கும் ஒன்றைத் தமிழிலும் பிரித்துச் சொல்லத் தெரிய வேண்டாமா?

எனக்கு முதலில் பிடித்தது கடைசாரா. கட்சிசாரா, அணிசேரா எல்லாம் நன்றாக ஊன்றிய வடிவங்கள். ஆனால் வேகமாகச் சொன்னால் சாராயக்கடைதான் காதில் விழுகிறது என்று மதுரைத் தோழர் எழுதியது சரி, அதைக் கேட்ட பிறகு எனக்கும் வேறு எதுவும் கேட்கவில்லை. மதச்சார்பற்ற என்பது எல்லோரும் பள்ளியிலேயே படித்த சொல். அந்த வழியில் கடைச்சார்பற்ற என்று வைத்தால் பொருள் பிசகாது. மதச்சார்பற்ற என்றால் மதத்துக்கு எதிரி என்று ஆகாது. அதுபோலவே இதிலும் கடைமேல் பகை எதுவும் இல்லை. கடையில் வாங்கியதுதான், ஆடுவதற்கு அதைச் சார்ந்திருக்கவில்லை, அவ்வளவே.

அடுத்து வரும் பெயர்ச்சொல் எது? இயக்கம் என்று பலர் எழுதியிருந்தீர்கள். "கடைச்சார்பற்ற இயக்கம்" என்று போட்டால் ஏதோ அமைப்பின் பெயர்ப் பலகை மாதிரி இருக்கிறது. ஈழத்தில் இயக்கம் என்ற சொல்லுக்கு இருக்கும் கனமும் வேறு. ஆட்டம் நல்ல சொல். "ஒரு ஆட்டம் போடலாம் வா" என்று தெருவிலும் சொல்கிறோம். ஆகவே கடைச்சார்பற்ற ஆட்டம்.

இதோடு பூட்டற்ற என்ற சொல்லையும் முன்வைக்கிறேன். அனுமதி இல்லாதவர் ஆட முடியாதபடி விளையாட்டில் வைக்கும் தடையை (ஆங்கிலத்தில் டிஆர்எம்) எண்ணிம உரிமை மேலாண்மை என்று நீட்டி எழுதுவதற்குப் பதில் உரிமைப்பூட்டு என்றால் போதும். அது இல்லாதது பூட்டற்றது. கட்டற்ற மென்பொருள் என்ற சொல்லை ஏற்றுக்கொண்ட நமக்கு இது அந்நியமாகத் தெரியாது. பூட்டற்றது என்பது விளையாட்டின் தன்மை, கடைச்சார்பற்றது என்பது ஆடும் முறை. இரண்டும் எப்போதும் சேர்ந்தே வருவதில்லை. ஜிஓஜியில் பூட்டற்றதாக வாங்கிய ஒன்றிலேயே நண்பர்களோடு இணையத்தில் ஆடுவதற்குக் கேலக்ஸி தேவைப்படலாம். அங்கே தனியாட்டம் கடைச்சார்பற்றது, கூட்டாட்டம் அப்படியில்லை.

ஸ்டீமில் பூட்டு எங்கே இருக்கிறது என்று கேட்டிருந்த தம்பிக்கு: அங்கே இரண்டு வகை உண்டு. ஒன்று, விளையாட்டு தொடங்கியதும் "நான் ஸ்டீம் வழியாகத்தான் திறக்கப்பட்டேனா?" என்று சரிபார்ப்பது. இல்லையென்றால் தன்னை மூடிக்கொண்டு ஸ்டீமைக் கூப்பிட்டு அதன் வழியாக மறுபடி எழும். இது விளையாட்டைச் செய்தவர் விரும்பினால் சேர்ப்பது. கோப்புறையில் அந்த விளையாட்டின் எண்ணை மட்டும் எழுதிய சிறு உரைக்கோப்பு இருந்தால் இந்தச் சரிபார்ப்பு விலகிக்கொள்ளும் என்று வால்வே உருவாக்குநர்களுக்கான ஆவணத்தில் சொல்லியிருக்கிறது, ஏனென்றால் சோதித்துப் பார்க்க அவர்களுக்கு அது வேண்டும். இன்னொன்று, இயங்கும் கோப்பையே சுற்றிப் போட்ட உறை. இதுதான் உண்மையான பூட்டு. முதல் வகையைப் பூட்டு என்று சொல்ல எனக்கு மனமில்லை, அழைப்பு என்று சொல்லலாம்.

வரையறை எழுதும்போது சோதனையும் சேர்த்தே எழுத வேண்டும், இல்லாவிட்டால் ஆளுக்கொரு பொருளில் எடுத்துக்கொள்வார்கள். கோப்புறையை, கடைச்செயலி ஒருபோதும் நிறுவப்படாத கணினிக்கு நகலெடுங்கள். இணையத்தைத் துண்டியுங்கள். திறந்து பாருங்கள். ஓடினால் அது கடைச்சார்பற்ற ஆட்டம். டைரக்ட்எக்ஸ் கோப்பு இல்லை, விஷுவல் சி++ நூலகம் இல்லை என்று பிழை வந்தால் அதைக் கணக்கில் சேர்க்கக் கூடாது, அது விண்டோஸ் சார்ந்த குறை. அதை நிறுவிவிட்டு மறுபடி பாருங்கள். சாதனைப் பதக்கங்களும் மேகச் சேமிப்பும் வராது, அதுவும் குறையாகாது. ஆனால் யூபிசாஃப்டின் தி க்ரூ போன்றவற்றை இந்தப் பெயருக்குள் இழுக்க வேண்டாம். 2014இல் வந்த அது, 2024 மார்ச் 31 அன்று சேவையகத்தை நிறுத்தியதும் தனியாக ஆடுபவருக்கும் ஓடாமல் போனது. அங்கே சிக்கல் கடைச்செயலி அல்ல, ஆட்டமே தூரத்துச் சேவையகத்தை நம்பியிருந்தது. அதற்குச் சேவையகச் சார்பு என்று தனியாகப் பெயர் வைப்போம்.

வாக்கியத்தில் உட்காருகிறதா என்று எழுதிப் பார்த்தேன்:

"இந்த விளையாட்டு பூட்டற்றது, கடைச்செயலி இல்லாமலே ஓடும்."
"தி விட்சர் 3 ஜிஓஜி பதிப்பில் கடைச்சார்பற்ற ஆட்டம் உண்டா?"
"தொடக்கச் சாளரத்தைத் தவிர்த்துவிட்டேன், ஆனாலும் ஸ்டீம் திறந்திருக்க வேண்டும்."

மூன்றாவது வாக்கியத்தில்தான் இவ்வளவு நாள் ஆட்கள் குழம்பிக்கொண்டிருந்தார்கள். இப்போது அதை யாரும் தவறாகப் படிக்க முடியாது.

— — —

> கடைச்செயலி, பூட்டற்ற இரண்டும் எனக்குச் சம்மதம். கடைச்சார்பற்ற என்பது கட்டுரைக்குச் சரி, ஆனால் விளையாட்டுப் பட்டியல் போடும் தளத்தில் ஒரு சிறு பட்டைக்குள் அடங்காது. கைபேசித் திரையில் உடையும். குறுக்க வழி உண்டா?

பட்டையில் பூட்டற்றது என்று மட்டும் போடலாம். வாங்குபவர் முதலில் பார்க்க வேண்டியது அதுதான். கூட்டாட்டத்துக்குக் கடைச்செயலி வேண்டுமா என்பதைக் கீழே விவரத்தில் ஒரு வரியாக எழுதிவிடலாம். சார்பிலி என்று குறுக்கலாமா என்றும் யோசித்தேன், ஆனால் எதைச் சார்ந்தில்லை என்று கேள்வி வரும், அதனால் விட்டுவிட்டேன்.

> ஒற்று மிகுமா? கடைசார்பற்ற என்று எழுதுபவர்களும் இருப்பார்கள்.

மிகும். மதச்சார்பற்ற போலவே கடைச்சார்பற்ற, கடைச்செயலி. தேடுபொறியில் ஒற்றில்லாமல் தேடுபவர்களுக்காக இணைய அகராதியான விக்சனரியில், அந்த வடிவத்திலிருந்து சரியான பக்கத்துக்குக் கொண்டுபோகும் வழிமாற்று போட்டுவிடலாம். ஞாயிற்றுக்கிழமை வரை வேறு எதிர்ப்பு வராவிட்டால் நான்கு பதிவுகளையும், மேலே சொன்ன சோதனையோடு, நானே ஏற்றுகிறேன். சேவையகச் சார்பு மட்டும் இன்னும் பேச வேண்டியது, அதற்குத் தனி இழை தொடங்குங்கள்.